மேற்கத்திய விமர்சனம்: எங்கே ஆரம்பிப்பது?

அஸ்தினாபுரத்தில் என் வீட்டுக்கு அடிக்கடி வரும் இளங்கவிஞர் ஒருவர், மேற்கத்திய விமர்சன சரித்திரத்தை எங்கிருந்து தொடங்குவது என்று கேட்டார். கையில் தமிழவனின் 'ஸ்ட்ரக்சுரலிசம்' (1982). அதற்கு முந்தியது எதுவும் அவருக்குப் பரிச்சயமில்லை. அவர்மேல் குற்றமில்லை. நமக்கு இந்தச் சரித்திரம் வந்து சேர்ந்ததே தலைகீழாகத்தான். 'எழுத்து' (1959–70) நாட்களில் எலியட்டும் ரிச்சர்ட்ஸும் வந்தார்கள், பிறகு அமைப்பியல். அரிஸ்டாட்டில் பெரும்பாலும் ஆங்கில எம்.ஏ. பரீட்சைக் குறிப்புகளில் தங்கிவிட்டார். யார் யாரை மறுத்து எழுந்தார்கள் என்பது வழியில் உதிர்ந்துபோய், முடிவுகள் மட்டும் வேதவாக்காக நம் கைக்கு வந்தன.

ஆகவே நான் பட்டியல் எதுவும் தரவில்லை. பிளேட்டோவின் 'குடியர'சில் பத்தாம் புத்தகத்தையும், உடனே அரிஸ்டாட்டிலின் 'கவிதையிய'லையும் படிக்கச் சொன்னேன். கவிதை போலியின் போலி, வாடவேண்டிய உணர்ச்சிகளுக்கு நீர் வார்ப்பது என்கிறார் பிளேட்டோ. கவிஞனை நகரைவிட்டு அனுப்பிவிடுகிறார். ஆனாலும் அவளுக்காக வாதாட விரும்புகிறவர் வசனத்தில் வந்து பேசலாம் என்று கதவை ஒருக்களித்தே வைக்கிறார். அந்தக் கதவு வழியே வந்தவர் அவரிடம் இருபது வருஷம் இருந்த மாணவர். நடந்ததைச் சொல்வது சரித்திரம், நடக்கக்கூடியதைச் சொல்வது கவிதை. எனவே கவிதையே தத்துவத்துக்கு நெருக்கம் என்கிறார் மாணவர். கதார்சிஸ் என்ற சொல்லைத் துன்பியலின் இலக்கணத்தில் போட்டுவிட்டு விளக்காமலே போகிறார். உலகம் இன்னும் அதைப் பற்றிச் சண்டையிடுகிறது. நம் நோட்ஸ் இரண்டு வரியில் தீர்த்துவிடும்.

"மெய்ப்பாட்டியலில் இதெல்லாம் உண்டே" என்றார் நண்பர். இந்த எடைபோடுதலில் எனக்கு ருசியில்லை. இளம்பூரணரைச் சேனாவரையர் மறுக்கும் இடங்களைப் பாருங்கள் என்றேன். நாம் தொலைத்தது அதைத்தான்.

ரிச்சர்ட்ஸ் கேம்பிரிட்ஜில் கவிஞர் பெயரை மறைத்துக் கவிதைகளைக் கொடுத்து, மாணவர்கள் எழுதித் தந்த அபத்தங்களை 1929இல் புத்தகமாக்கினார். நம் வட்டத்தில் இதைச் செய்தால் எத்தனை பேர் வாய் திறப்போம்? நானே தயங்குவேன். அன்று பெயரை மறைத்து ஒரு கவிதையை அவரிடம் நீட்டினேன். "பின்பாதி வேண்டாத சுமை" என்றார். என்னுடையது என்றதும், மறுபடி வாசித்துவிட்டு, பின்பாதியில் ஏதோ ஆழம் இருப்பதாகச் சொன்னார்.

அவர் போனபிறகு பின்பாதியை அடித்தேன்.