மறுப்பவருக்கு முதலிடம்

மெய்யியல் எழுதுவோர் பலர் தம் முடிவை முதலில் நிறுத்தி, மறுப்பவரைப் பின்னர் வலுவிழந்தவராகக் காட்டுவர். புனித தாமஸ் அக்குவினாஸ் இம்முறையை மாற்றியமைத்தார். 1265ஆம் ஆண்டளவில் தொடங்கி 1273இல் முற்றுப்பெறாமல் நின்றுபோன அவரது 'இறையியல் தொகுப்பு', தொடக்கநிலை மாணவருக்கென எழுதப்பட்டது. அதன் ஒவ்வொரு கூறும் எதிர்வாதங்களோடுதான் தொடங்குகிறது.

கடவுள் உண்டா என்னும் பகுதியிலும் நாம் முதலில் கேட்பது மறுப்பவரின் குரலே. எல்லையற்ற நன்மை ஒன்று இருப்பின் தீமைக்கு இடமேது? இயற்கையும் மனிதரின் அறிவும் விருப்பமும் அனைத்தையும் விளக்குமெனில் கடவுள் எதற்கு? புகழ்பெற்ற 'ஐந்து வழிகள்' இவற்றுக்குப் பின்னரே வருகின்றன.

குறையும் உண்டு. தீமையிலிருந்தும் நன்மையை விளைவிக்க வல்லவராதலின் கடவுள் அதனை அனுமதிக்கிறார் என்னும் புனித அகுஸ்தினாரின் கருத்தைச் சுட்டி, முதல் வினாவுக்கான விடை சில வரிகளில் முடிந்துவிடுகிறது. பிள்ளையை அடக்கம் செய்துவிட்டுத் திரும்பும் தாய்க்கு அது போதாது. ஆயினும், அப்போதாமையை நாம் உணர முடிவது, வினாவை அவர் கூர்மழுங்காமல் வைத்ததனால்தான்.

எழுதுகோல் ஏந்துவோர்க்கு இதில் ஒரு விதி உண்டு: "நான் சொல்ல வந்தது இதுவே" என எதிர்வாதி ஒப்பும்வரை நம் மறுமொழியைத் தொடங்கலாகாது.