சொல்லில்லாத கண்டனம்

யுத்தத்தைக் கண்டித்து எழுந்த பாட்டுகளில் பெரும்பாலானவை சாகித்யத்தின் பலத்தால் நிற்பவை. ஆதலால் சந்தர்ப்பம் மறைந்ததும் அவையும் மங்கிவிடுகின்றன. ஒரு சொல்லும் பாடாமல், தேசிய கீதத்தின் மெட்டைக் கொண்டே ஒரு தேசத்தின் மனச்சாட்சியை உலுக்கிய அபூர்வமான வாசிப்பு ஒன்று உண்டு. அது 1969 ஆகஸ்ட் 18-ஆம் தேதி காலை, நியூயார்க் மாநிலத்தைச் சேர்ந்த பெதல் என்னும் ஊரின் பால்பண்ணை நிலத்தில், வுட்ஸ்டாக் இசை விழாவின் இறுதியில் நிகழ்ந்தது.

வந்திருந்த சுமார் 4 லட்சம் பேரில் பெரும்பகுதியினர் மழைக்கும் சேற்றுக்கும் ஈடுகொடுத்துக் களைத்து ஊர் திரும்பிய பிறகே கித்தார் கலைஞர் ஜிமி ஹெண்ட்ரிக்ஸ் மேடையேறினார். வியட்நாமில் சுமார் 5 லட்சம் அமெரிக்கப் படையினர் நின்றிருந்த காலம் அது; அவரும் முன்பு ராணுவத்தில் பாராசூட் வீரராக இருந்தவரே.

1814-இல் பால்டிமோர்க் கோட்டையை ஆங்கிலேயக் கப்பல்கள் இரவெல்லாம் தாக்கியதை நேரில் கண்ட பிரான்சிஸ் ஸ்காட் கீ எழுதிய அமெரிக்க தேசிய கீதத்தில் ராக்கெட்டுகளும் வெடிகுண்டுகளும் வருகின்றன. தலைமுறை தலைமுறையாகப் பாடிப் பாடி, அவை வெறும் அலங்காரச் சொற்களாகத் தேய்ந்திருந்தன. ஹெண்ட்ரிக்ஸ் தொடக்க அடிகளை மெட்டுக் குலையாமல், ஒவ்வொரு ஸ்வரத்தையும் நீட்டி நிறுத்திக் கம்பீரமாக வாசித்துக்கொண்டு வருகிறார். ராக்கெட்டுகள் வரும் இடத்தை அடைந்ததும், கித்தாரின் கைப்பிடியை அழுத்தித் தந்திகளைத் தளர்த்த, ஸ்வரம் உச்சியிலிருந்து பாதாளத்துக்குச் சரிகிறது. ஒலிபெருக்கியின் முழக்கமே தந்திகளைத் திரும்ப அதிரவைத்து எழுப்பும் ஊளையில், விமானத்தின் இரைச்சலும் குண்டின் வீழ்ச்சியும் மனிதரின் ஓலமும் ஒன்றன்மேல் ஒன்றாகக் கேட்கின்றன. கொடி இன்னும் பறக்கிறது என்று பெருமிதம் கொள்ளும் அடியை ஒட்டி, படைவீரரை அடக்கம் செய்கையில் ஊதும் பியூகிள் இசையைச் சில ஸ்வரங்களில் நினைவூட்டிவிட்டு, மீண்டும் கீதத்தைப் பற்றிக்கொள்கிறார்.

நமது சங்கீதத்தில் வித்துவான் ஒருவர் கீர்த்தனையின் ஓர் அடியை எடுத்துக்கொண்டு, அதன் பொருள் முழுவதும் துலங்கும்வரை நிரவல் செய்வதைப் போன்றதே இது. பிரளயம் போன்ற அந்த ஓசைக்கிடையிலும் மெட்டு எங்கே விட்டது, எங்கே தொடர வேண்டும் என்ற நிதானம் அவரை விட்டு அகலவில்லை. அந்நிதானம் தவறியிருந்தால் எஞ்சியிருப்பது கூச்சலே. கீதத்தை அவர் பரிகசித்தார் என்பவர்கள் செவிசாய்த்துக் கேட்டவர்கள் அல்லர். அதன் சொற்களை அவரளவு மெய்யென்று நம்பி வாசித்தவர் வேறொருவர் இல்லை.

ஒலிப்பதிவு இன்றும் கிடைக்கிறது. ரசிகர்கள் முதலில் அக்கீதத்தைச் சாதாரணமான பாடகர் குழு ஒன்று பாடக் கேட்டு, மெட்டை மனத்தில் பதித்துக்கொண்டு, அதன் பின்னர் இதனைக் கேட்க வேண்டும்.