ஜூலியத் வெல்ஃப்லிங்கின் கத்தரி

இருட்டு. அதற்குள் சில ஒளிப்புள்ளிகள் மினுங்கியபடி மெல்ல மெல்லக் கிட்ட வருகின்றன. கடலில் வரும் படகின் வெளிச்சமாக்கும் என்று நினைத்து முடிப்பதற்குள் ஓர் ஆணின் முகம் துலங்குகிறது. தலையில் மினுக்கு விளக்குப் பட்டி. பாரிஸ் தெருவில் சில்லறைச் சாமான் விற்கும் தமிழர். இலங்கைக் கரைக்கும் அந்தத் தெருவுக்கும் இடைப்பட்ட தூரம், செலவு, பயம் எல்லாம் அந்த இருட்டுக்குள் போய்விட்டன.

2015இல் கான் விழாவில் தங்கப்பனை விருது வென்ற 'தீபன்' படத்தில் வரும் இடம் இது. வத்தளையிலும் கொட்டாஞ்சேனையிலும் வெள்ளவத்தையிலும், பாரிஸின் லாச்சப்பலில் சொந்தக்காரர் இல்லாத வீட்டைத் தேடித்தான் பிடிக்க வேண்டும். ஆனாலும் நம்மவரின் பேச்சு பெரும்பாலும் இயக்குநர் ஜாக் ஓடியாரோடும் நாயகன் ஷோபாசக்தியோடும் நின்றுவிட்டது. படத்தைத் தொகுத்த ஜூலியத் வெல்ஃப்லிங்கின் பெயர் அதிகம் அடிபடவில்லை.

ஓடியாரின் முதல் படம் 1994இல் வந்தது. அதைத் தொகுத்தவரும் வெல்ஃப்லிங்தான். அதற்கே பிரான்சின் சேசார் விருது கிடைத்தது. அன்றிலிருந்து 'எமிலியா பெரேஸ்' (2024) வரை ஓடியாரின் பத்துப் படங்களும் இவர் கைபட்டவை. வென்ற சேசார்கள் மொத்தம் ஐந்து. நடுவில் ஹொலிவூட்டின் 'ஹங்கர் கேம்ஸ்' (2012) படத்திலும் இணைத் தொகுப்பாளராக இருந்தார்.

ஐந்தில் ஒன்று, ஜூலியன் ஷ்னாபெல் இயக்கிய 'த டைவிங் பெல் அண்ட் த பட்டர்ஃப்ளை' (2007) படத்துக்கானது. பக்கவாதத்தில் விழுந்த பத்திரிகை ஆசிரியர் ஜான் டொமினிக் போபிக்கு அசைவது ஒரே ஒரு கண்ணிமை. பக்கத்தில் இருப்பவர் எழுத்துகளை வரிசையாகச் சொல்ல, வேண்டிய எழுத்து வந்ததும் அவர் இமைப்பார். படத்தின் முற்பகுதி முழுக்க அந்தக் கண்ணின் பார்வைதான். காட்சி மங்குவதும் அறுவதும் இமை மூடித் திறப்பதும் ஒன்றாகவே நடக்கின்றன.

'தீபன்' வேறு விதமான சோதனை. வசனம் பெரும்பாலும் தமிழ். ஓடியாருக்கோ தமிழ் தெரியாது. யாழினியாக வரும் காளீஸ்வரி சீனிவாசன் சென்னை நாடக மேடையிலிருந்து வந்தவர்; கூர்ந்து கேட்கும் ஈழத்துக் காதுக்கு அந்தச் சாயல் அங்கங்கே தட்டுப்படும். ஆனால் பேச்சின் தாளம் எங்கேயும் பிசகவில்லை. பிரெஞ்சுக்காரர் பகிடி விடும்போது சொற்கள் விளங்கினாலும் சிரிப்பு வருவதில்லை என்று தீபன் குறைப்படுகிறான். பாஷையில் பிழையில்லை, தமிழிலும் உனக்குப் பகிடி வராது என்கிற கருத்தில் யாழினி மடக்குகிறாள். அந்தப் பதிலுக்குப் பிறகு இருவர் முகமும் நமக்குத் தெரிய வேண்டிய அளவுக்கு நிற்கிறது. கலியாணம் கட்டாமலே புருஷன் பெண்சாதியாக நடிக்கும் இருவரும் உண்மையாகவே நெருங்கத் தொடங்குவதை வசனத்தைவிட அந்தத் தாமதம் சொல்கிறது. யாழினி தமிழிலும் போதைப்பொருள் கும்பல் தலைவன் பிராஹிம் பிரெஞ்சிலும், ஒருவர் சொல்வது மற்றவருக்கு விளங்காமலே பேசிக்கொள்ளும் காட்சியிலும் இதே பொறுமை.

கடைசிச் சண்டையில் அந்தப் பொறுமை தலைகீழாகிறது. மாடிப்படியில் புகை, அதற்குள் கால்களும் துண்டு துண்டான அசைவுகளும்தான். அடிதடியைக் காட்டி ரசிகரை உசுப்பேற்றும் வாய்ப்பைக் கத்தரி வேண்டாம் என்று ஒதுக்கியிருக்கிறது. அதற்குப் பின் வரும் இங்கிலாந்துக் காட்சியின் வெளிச்சம் கொஞ்சம் கூடிப்போனது என்பது பலர் குறை. அது கதையின் குறையே தவிர, வெட்டின் குறையல்ல.

ஒஸ்கார் மட்டும் இன்னும் வாய்க்கவில்லை; 2008இலும் 2025இலும் வெல்ஃப்லிங்கின் பெயர் பரிந்துரையோடு நின்றது.