எல்லோரும் என்றால் யார்?

ஸ்பானிய மொழியில் 'நாங்கள்' என்பதற்கு இரண்டு சொற்கள் உண்டு. பேசுகிறவர்கள் அனைவரும் பெண்கள் என்றால் 'நொசோத்ராஸ்'. ஆண்கள் என்றால் 'நொசோத்ரோஸ்'. நூறு பெண்கள் கூடியிருக்கும் இடத்தில் ஓர் ஆண் வந்து உட்கார்ந்தால், இலக்கணப்படி அந்த நொடியிலிருந்து அத்தனை பேரும் 'நொசோத்ரோஸ்' ஆகிவிடுவார்கள். அவர் எழுந்து போகும்வரை அந்த நூறு பெண்களும் ஆண்பாலில்தான் தங்களைச் சொல்லிக்கொள்ள வேண்டும். 'எல்லோரும்' என்ற சொல்லும் இப்படித்தான். ஆண்களுக்குத் 'தோதோஸ்', பெண்களுக்குத் 'தோதாஸ்', இருவரும் கலந்திருந்தால் மறுபடியும் 'தோதோஸ்'. குடிமக்கள், மாணவர்கள், தொழிலாளர்கள் என்று மனிதர்களைக் குறிக்கும் பல சொற்களுக்கும் இதே விதி.

இந்த ஏற்பாட்டில் குறை ஒன்றும் இல்லை என்பது ஸ்பெயின் அரச மொழிக்கழகத்தின் கருத்து. பெண்பால் பெண்களை மட்டும் குறிக்கும். ஆண்பால் ஆண்களையும் குறிக்கும், இரு பாலரும் சேர்ந்த கூட்டத்தையும் குறிக்கும். இது மொழியின் சிக்கனம், இதில் ஆதிக்கம் எங்கே வந்தது என்று அது கேட்கிறது. பால் பாகுபாடற்ற மொழிக்காகப் பல்கலைக்கழகங்களும் தொழிற்சங்கங்களும் வெளியிட்ட கையேடுகளை மறுத்து, இலக்கண அறிஞர் இக்னாசியோ போஸ்கே 2012இல் எழுதிய அறிக்கையின் சாரம் இதுதான். நாட்டின் அரசமைப்புச் சட்டத்தின் மொழியைப் பெண்களையும் உள்ளடக்கும்படி திருத்துவது பற்றி துணைப் பிரதமர் கார்மென் கால்வோ 2018இல் கருத்துக் கேட்டார். கழகத்தின் பதில் 2020இல் வெளியானது. சட்டத்தின் இலக்கணத்தில் பிழை இல்லை, ஆண்பால் பன்மைக்குள் பெண்களும் இருக்கிறார்கள் என்றது அது.

இருக்கிறார்களா? இந்தக் கேள்விக்கு இலக்கண நூலில் விடை தேடுவதைவிட வாக்காளர் பட்டியலில் தேடுவது நல்லது. ஏனென்றால், அந்த விதியை அப்படியே நம்பி, 'எங்களையும் சேர்த்துத்தானே சொல்லியிருக்கிறீர்கள்' என்று பெண்கள் வாசல்வரை போன வரலாறு ஒன்று உண்டு.

1875இல் சிலி நாட்டின் சான் ஃபெலிப்பே ஊரில் சில பெண்கள் வாக்காளர்களாகப் பதிவுசெய்ய முன்வந்தார்கள். வாக்குரிமை 'சிலேனோஸ்'க்கு, அதாவது சிலி நாட்டவருக்கு உண்டு என்றுதான் சட்டம் சொல்லியிருந்தது. அது ஆண்பால் பன்மை. அதில் நாங்களும் அடக்கம் என்பது அவர்கள் வாதம். இலக்கணப்படி இதை அசைக்க முடியாது. ஆட்சியாளர்களும் இலக்கணம் பேசிக்கொண்டிருக்கவில்லை. 1884இல் வந்த தேர்தல் சட்டத்தில் பெண்கள் வாக்களிக்க முடியாது என்று வெளிப்படையாகவே எழுதிவிட்டார்கள்.

அர்ஜென்டினாவில் 1911இல் புவெனோஸ் ஐரிஸ் நகராட்சித் தேர்தல் நடந்தது. வாக்காளருக்கான தகுதிகளைச் சொன்ன விதியில் பாலினம் பற்றி ஒரு சொல்லும் இல்லை. மருத்துவர் ஹூலியெத்தா லாந்தேரி அதைப் பிடித்துக்கொண்டு பட்டியலில் பெயர் சேர்த்தார், வாக்கும் அளித்தார். சீக்கிரமே வாக்காளராவதற்கு ராணுவச் சேவைப் பதிவேட்டில் பெயர் இருக்க வேண்டும் என்று விதி மாறியது. ராணுவப் பதிவேட்டில் பெண்கள் ஏது? நாடு முழுவதும் பெண்களுக்கு வாக்குரிமை தரும் சட்டம் வர 1947 ஆயிற்று.

மெக்சிகோவின் 1917ஆம் ஆண்டு அரசமைப்புச் சட்டம் 'மெஹிகானோஸ்' எல்லோரையும் குடிமக்கள் என்றது. பெண்களை விலக்கி ஒரு வரிகூட அந்தப் பிரிவில் இல்லை. ஆனாலும் தேசியத் தேர்தல்களில் அவர்களுக்கு வாக்கு இல்லை. 1953இல் அந்தப் பிரிவைத் திருத்தி, 'ஆண்களும் பெண்களும்' என்று இரண்டு சொல்லையும் எழுதிய பிறகுதான் வாக்குரிமை வந்தது. ஸ்பெயினிலும் அப்படித்தான். 1931இல் கிளாரா கம்போஅமோர் நாடாளுமன்றத்தில் போராடி, 161க்கு 121 என்ற வாக்குக் கணக்கில் பெண்களின் வாக்குரிமையை வென்றெடுத்தார். அந்த அரசமைப்புச் சட்டத்தின் 36ஆம் பிரிவு 'குடிமக்கள்' என்று மட்டும் சொல்லி நிறுத்தவில்லை. 'இரு பாலையும் சேர்ந்த குடிமக்கள்' என்று விரித்துச் சொன்னது. இலக்கணத்துக்கு அந்த விரிப்பு வீண் சொல். பெண்களுக்கோ அதில்தான் வாக்குச் சீட்டு இருந்தது.

எதிர்த் திசையில் ஒரு சான்றும் உண்டு. ஈக்வடாரின் முதல் பெண் மருத்துவரான மதில்தே இதால்கோ 1924இல் வாக்காளராகப் பதிவுசெய்யப் போனார். சட்டம் பெண்களை விலக்கவில்லையே என்று வாதாடினார். கேள்வி அரசு ஆலோசனை மன்றம்வரை போனது. மன்றம் அவர் பக்கம் நின்றது. ஆக, அதே மொழி, அதே ஆண்பால் பன்மை, சாண்டியாகோவில் ஒரு பொருள், கீட்டோவில் வேறு பொருள்.

ஜெர்மன் மொழியிலும் இது நடந்திருக்கிறது. சுவிட்சர்லாந்தில் சட்டம் படித்த எமிலி கெம்பின் ஷ்பீரி, நீதிமன்றத்தில் வழக்காடும் உரிமை கோரினார். 'சுவிஸ் நாட்டவர் அனைவரும் சட்டத்தின் முன் சமம்' என்கிறது அரசமைப்பு. 'ஷ்வைட்சர்' என்ற ஆண்பால் சொல்லில் பெண்களும் அடக்கம் என்றார். 1887இல் கூட்டாட்சி நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. நூறாண்டு கடந்தது. அப்பென்செல் இன்னர்ரோடன் மாநிலத்து ஆண்கள் பெண்களுக்கு வாக்குரிமை தர மறுத்துக்கொண்டே இருந்தார்கள். 1990இல் பெண்கள் வழக்குத் தொடுத்தார்கள். மாநில அரசமைப்பில் இருக்கும் ஆண்பால் சொற்களைப் பெண்களையும் சேர்த்தே படிக்க வேண்டும் என்று அதே கூட்டாட்சி நீதிமன்றம் தீர்ப்பளித்தது. இந்த நூறாண்டில் ஜெர்மன் இலக்கணம் மாறவில்லை. மாறியது நீதிமன்றத்துக்கு வெளியே இருந்த பெண்களின் பலம்.

இப்போது கழகத்தின் வாதத்துக்குத் திரும்பலாம். ஆண்பால் பன்மை பெண்களையும் உள்ளடக்கும் என்பது பொய் என்று நான் சொல்லவில்லை. அது சில சமயம் உள்ளடக்கும். எப்போது என்பதை முடிவுசெய்கிறவர் வேறொருவர். ஸ்பெயினின் தண்டனைச் சட்டம் 'இன்னொருவனைக் கொல்பவன்' என்று ஆண்பாலில்தான் கொலையை வரையறுக்கிறது. அது பெண்பாலில் இல்லையே என்று எந்தக் கொலைகாரியும் தப்பியதில்லை. தண்டனைக்கு உள்ளே, உரிமைக்கு வெளியே. பொதுப்பாலாக வேலைசெய்யும் ஆண்பாலின் உண்மையான இலக்கணம் இதுதான். ஓர் ஆண் 'தோதோஸ்' என்று கேட்டதும் தான் இருக்கிறோமா என்று யோசிக்க வேண்டியதில்லை. ஒரு பெண் ஒவ்வொரு முறையும் சூழலைப் பார்த்துக் கணக்குப் போட வேண்டும்.

கேட்பவரின் மனதிலும் இந்தக் கணக்கு நடக்கிறது. பாஸ்கல் கிகாக்ஸும் உடன் ஆய்வாளர்களும் 2008இல் வெளியிட்ட ஆய்வு ஒன்று பிரெஞ்சு, ஜெர்மன், ஆங்கிலம் மூன்றையும் ஒப்பிட்டது. பிரெஞ்சிலும் ஜெர்மனிலும் ஒரு தொழிலின் பெயரை ஆண்பால் பன்மையில் படித்தவர்களுக்கு, அது பெண்கள் மிகுதியாகச் செய்யும் தொழிலாகவே இருந்தாலும், மனதில் ஆண்களே வந்தார்கள். ஆங்கிலத்தில் அந்தந்தத் தொழிலைப் பற்றிய வழக்கமான எண்ணம்தான் முந்திக்கொண்டது. சொல்லின் விகுதி, கண் முன்னால் இருக்கும் உலகத்தையே மறைத்துவிடுகிறது.

விதியைக் காப்பவர்கள் யார் என்பதையும் பார்க்க வேண்டும். 1713இல் தொடங்கிய ஸ்பெயின் கழகம் 1978இல்தான் முதல் பெண்ணை, கவிஞர் கார்மென் கொந்தேயை, முழு உறுப்பினராகத் தேர்ந்தெடுத்தது. தனியொருத்தியாக மாபெரும் ஸ்பானிய அகராதியைத் தொகுத்த மரியா மொலினேரை 1972இல் அது ஒதுக்கியது. பிரெஞ்சுக் கழகம் 1635இல் தொடங்கியது. முதல் பெண் 1980இல். 2017இல் இதே பிரெஞ்சுக் கழகம், பெண்பாலையும் சேர்த்து எழுதும் முறையால் பிரெஞ்சு மொழிக்கு உயிராபத்து என்று அறிவித்தது.

மாற்று வழிகளாகப் பெண்கள் முன்வைத்தவை பல. 'தோதோஸ் இ தோதாஸ்' என்று இரண்டையும் சொல்வது ஒரு வழி. எழுத்தில் விகுதியின் இடத்தில் மின்னஞ்சல் குறியையோ எக்ஸ் எழுத்தையோ போடுவது இன்னொன்று. இவற்றை வாய்விட்டுப் படிக்க முடியாது. பார்வையற்றோர் பயன்படுத்தும் படிப்பு மென்பொருள்களும் தடுமாறுகின்றன. 'ஓ'வும் இல்லாமல் 'ஆ'வும் இல்லாமல் 'எ' விகுதி போட்டுத் 'தோதெஸ்' என்பது மூன்றாவது வழி. 2018இல் கருக்கலைப்புச் சட்டத்துக்காகப் பச்சைக் கைக்குட்டையோடு அர்ஜென்டினத் தெருக்களில் இறங்கிய பள்ளி மாணவிகளின் வாயில் அது பரவலாகக் கேட்டது. ஆண், பெண் என்ற இரண்டுக்குள் அடங்காதவர்களுக்கும் இதில் இடம் உண்டு.

பெண்ணியவாதிகள் சிலருக்கே இதில் தயக்கம் இருக்கிறது. எவ்வளவோ போராடி 'ஆ' விகுதியைப் பெற்றோம், அதற்குள் அதை 'எ'யில் கரைப்பதா என்கிறார்கள். நியாயமான கேள்வி. ஆனால் ஒன்று வந்தால் மற்றது போக வேண்டியதில்லை. 'தோதாஸ், தோதோஸ், தோதெஸ்' என்று மூன்றையும் சேர்த்து விளிக்கும் வழக்கம் ஏற்கெனவே இருக்கிறது. நீளமாக இருக்கிறதே என்பார்கள். மன்னர்களின் பட்டங்களை முழுதாகச் சொல்ல எந்தக் காலத்திலும் யாரும் அலுத்துக்கொண்டதில்லை.

அரசுகளின் பதில் வேறுவிதமாக வந்தது. புவெனோஸ் ஐரிஸ் நகர அரசு 2022இல் பள்ளிகளில் இந்த விகுதிகளைத் தடுத்தது. 2024இல் ஹவியேர் மிலேயின் அரசு தேசிய நிர்வாகம் முழுவதிலும் தடைசெய்தது. அதே ஆண்டு ஜெர்மனியின் பவேரிய மாநிலமும் பள்ளிகளிலும் அரசு அலுவலகங்களிலும் நட்சத்திரக் குறி போன்றவற்றை விலக்கியது. மொழி தானாக வளர வேண்டும், ஆணை போட்டு மாற்றக் கூடாது என்று சொன்னவர்களே ஆணை போடுகிறார்கள்.

இத்தனைக்கும் பிறகு, சொல்லை மாற்றினால் எல்லாம் மாறிவிடும் என்று நான் நம்பவில்லை. வெனிசுவேலாவின் 1999ஆம் ஆண்டு அரசமைப்புச் சட்டம் நெடுகிலும் ஆண்பாலையும் பெண்பாலையும் சேர்த்தே எழுதப்பட்டது. குடியரசுத் தலைவருக்குக்கூட இரண்டு சொல். ஆனால் அந்த நாட்டில் கருக்கலைப்பு, தாயின் உயிரைக் காக்கும் சூழல் தவிர, குற்றமாகவே நீடித்தது. ஒவ்வொரு பக்கத்திலும் பெண்ணின் பெயர்; உடம்பு மட்டும் அவளுடையது இல்லை.

இதோடு அர்ஜென்டினாவை ஒப்பிட்டுப் பாருங்கள். 2020 டிசம்பரில் நிறைவேறிய 27.610ஆம் எண் சட்டம், கருவைக் கலைக்கும் உரிமை 'பெண்களுக்கும், கருத்தரிக்கும் திறனுள்ள பிற பாலின அடையாளம் கொண்டோருக்கும்' உண்டு என்கிறது. மருத்துவமனை வாசலில் நிற்கும் ஒரு திருநம்பியிடம் 'சட்டத்தில் நீ இல்லை' என்று சொல்ல முடியாதபடி அந்தச் சொற்றொடர் தடுக்கிறது. 2021இல் அந்நாட்டு அடையாள அட்டையில் ஆண், பெண் என்பவற்றோடு எக்ஸ் என்ற தெரிவும் சேர்ந்தது. மொழிக்கழகங்கள் அழகில்லை என்ற அதே எழுத்து, ஒரு மனிதரின் அடையாள அட்டையில் ஏறியது. உரிமை பங்கிடப்படும் இடத்தில் அந்தச் சொல் இருக்கிறதா, அலங்காரத்துக்கு இருக்கிறதா என்பதுதான் அளவுகோல்.

தமிழ் படிக்கும் பெண்களுக்கு இந்தச் சண்டை சற்று விசித்திரமாகத் தோன்றலாம். நம்மிடம் பலர்பால் இருக்கிறது. 'வந்தார்கள்' என்றால் வந்தவர்களின் பால் தெரியாது. மரியாதையோடு சொல்லும் 'அவர்' ஒருமைக்கும் அந்த வசதியைத் தருகிறது. அர்ஜென்டின மாணவிகள் 'எ' விகுதியைக் கொண்டு உண்டாக்கப் பார்ப்பது ஏறக்குறைய நம்மிடம் இருக்கும் 'அர்' விகுதியைத்தான். ஆனால் பொதுப்பால் கையில் இருப்பதால் மட்டும் கதவு திறந்துவிடாது. பாரசீக மொழியில் ஆண்பால் பெண்பால் என்ற பிரிவே இல்லை. அவனுக்கும் அவளுக்கும் ஒரே சொல். ஆனால் ஈரானின் அரசமைப்புச் சட்டம், குடியரசுத் தலைவர் 'ரெஜால்' என்பவர்களிலிருந்து தேர்ந்தெடுக்கப்பட வேண்டும் என்கிறது. அரபியிலிருந்து வந்த சொல். ஆண்கள் என்றும் பொருள் கொள்ளலாம், பெருந்தலைவர்கள் என்றும் பொருள் கொள்ளலாம். அந்தச் சொல்லுக்கு என்னதான் பொருள் என்று கேட்கவே அசாம் தலெகானி 1997இல் வேட்பாளராகப் பதிவுசெய்தார். நிராகரிக்கப்பட்டார். அதற்குப் பிறகும் பதிவுசெய்தார். 2019இல் அவர் இறக்கும்வரை எந்தப் பெண்ணின் வேட்பு மனுவும் ஏற்கப்படவில்லை.

சான் ஃபெலிப்பே பெண்களும், ஹூலியெத்தா லாந்தேரியும், எமிலி கெம்பின் ஷ்பீரியும், அசாம் தலெகானியும் கேட்டது ஒரே கேள்வி: இந்தச் சொல்லில் நான் இருக்கிறேனா? இருக்கிறாய் என்று இலக்கணம் சொன்னது. இல்லை என்று அதிகாரம் சொன்னது. அதனால்தான் 'உன்னையும் சேர்த்துத்தான் சொல்கிறோம்' என்று இன்று யார் ஆறுதல் சொன்னாலும், அதை எழுதித் தரச் சொல்லிக் கேட்கிறோம்.