சேர்வராயன் மலையின் சம்பிரதாயம்

சேலம் நகருக்கு வடக்கே மேகம் தவழ நிற்கும் சேர்வராயன் மலையைப் பற்றிப் பேசப் புகுவோர், அதன் சரித்திரத்தை 1820ஆம் ஆண்டுகளில், சேலம் கலெக்டராயிருந்த எம். டி. காக்பர்ன் துரை கிரேஞ்சு தோட்டத்தில் காப்பிச் செடியைப் பயிரிட்ட நாளிலிருந்து தொடங்குவதே பெருவழக்காக இருந்துவருகிறது. ஏற்காட்டின் பங்களாக்களுக்கும் தோட்டங்களுக்கும், 1917இல் தோன்றிய மான்ட்ஃபோர்ட் பள்ளி முதலான கல்விச்சாலைகளுக்கும் அது பொருந்தும் தொடக்கந்தான். ஆயினும் துரை ஏறிவந்தபோது அம்மலை ஆளற்ற காடாக இருக்கவில்லை. சாமையும் கேழ்வரகும் விளைத்து, தமக்கென்று தெய்வமும் நாட்டாண்மையும் நீதிமுறையும் வகுத்துக்கொண்டு, ஒழுங்குடன் வாழ்ந்த ஒரு ஜன சமூகம் அங்கே வேரூன்றியிருந்தது. மலையாளி என்னும் பெயர் பூண்ட அம்மக்கள், கேரள தேசத்தாரோடு யாதொரு தொடர்பும் இல்லாத தமிழ் பேசும் மலைக்குடிகள். அவர்களுடைய சம்பிரதாயத்தின் கிளைகளையும், அச்சம்பிரதாயம் தனக்கென்று வைத்திருக்கும் அளவுகோல்களையும் சுருங்கச் சொல்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

ஓர் இனத்தின் தனித்தன்மைக்குப் பாஷையே முதல் ஆதாரம் என்பது அறிஞர் பலருடைய அபிப்பிராயம். பால்டிக் கடலோரத்து எஸ்தோனியரை அதற்குச் சிறந்த உதாரணமாகக் காட்டலாம். ஜெர்மானிய நிலப்பிரபுக்களின் கீழும் ருஷியச் சக்கரவர்த்திகளின் கீழும் பல தலைமுறை குடியானவராய் உழன்ற அச்சிறு கூட்டத்தார், சுற்றியுள்ளோர் பேசாத தம் தாய்மொழியையும் அம்மொழியில் பாட்டியர் பாடிவந்த நாட்டுப் பாடல்களையும் பற்றிக்கொண்டே தங்களை ஒரு தேசமாக உணர்ந்தார்கள். 1869இல் தார்த்து நகரில் முதல் பாட்டுப் பெருவிழாவைக் கூட்டினார்கள். 1918இல் சுதந்திரப் பிரகடனமும் செய்தார்கள். நம் மலைக்குடிகளிடத்தில் இந்த அளவுகோல் செல்லாது. அவர்கள் பேசுவது தமிழே. வணங்கும் தெய்வங்களும் பெரும்பாலும் தமிழர் அறிந்தவையே. தாங்கள் மலையிலேயே தோன்றிய ஆதிகுடிகள் என்றுகூட அவர்கள் உரிமை கொண்டாடுவதில்லை. அங்ஙனமிருந்தும் அவர்கள் தனிச் சமூகமாய் நிலைத்திருக்கிறார்கள் என்றால், அவர்களை ஒருமைப்படுத்துவது பாஷையுமன்று, ரத்தமுமன்று. தலைமுறை தலைமுறையாகக் கட்டிக்காத்துவந்த வழக்கமே என்று கொள்ள வேண்டியிருக்கிறது.

அவர்களுடைய பூர்வ கதையை எடுத்துக்கொண்டால், காஞ்சீபுரமே தங்கள் தாயகம் என்பதில் எல்லாக் கிளையாரும் ஒருமனப்பட்டிருக்கிறார்கள். அங்கே வேளாண் குடியில் பிறந்த பெரியண்ணன், நடுவண்ணன், சின்னண்ணன் என்னும் சகோதரர் மூவர் வேட்டைக்குச் சென்றனர் என்றும், உடன் சென்ற நாய்கள் மட்டும் வீடு திரும்பக் கண்ட மனைவியர் தம் கணவர் மாண்டனர் என்று முடிவுகட்டினர் என்றும், பின்னர் மீண்டுவந்த மூவரும் இல்லறம் இழந்தவராய் ஊரைத் துறந்து மலையேறினர் என்றும் ஒரு பாடம் வழங்குகிறது. மூத்தவன் வழியினர் சேர்வராயன் மலையிலும் மற்றிருவர் வழியினர் பச்சைமலையிலும் கொல்லிமலையிலும் குடியேறினர் என்பது ஐதிகம். பெரிய மலையாளி, பச்சை மலையாளி, கொல்லி மலையாளி என்ற மூன்று பிரிவுகள் இவ்வாறு வந்தவையே. கதை சரித்திரமாகுமா என்ற ஆராய்ச்சி ஒருபுறம் இருக்க, சிதறிய மலைகளில் வாழ்வோரையும் ஒரு வயிற்றுப் பிள்ளைகள் என்று பிணைத்துவைப்பதே அக்கதை செய்யும் தொண்டு என்பதைக் கவனிக்க வேண்டும்.

இம்மூன்று கிளைகளுக்கும் அவற்றைச் சார்ந்த பிற மலையினருக்கும் தனித்தனிச் சாயல் உண்டு. கொல்லிமலையார் சங்கப் புலவர் போற்றிய வல்வில் ஓரியின் மலையில், அறப்பளீசுவரர் சந்நிதியை மையமாகக் கொண்டு வாழ்கிறவர்கள். கல்வராயன் மலையிலோ சடையக் கவுண்டர், குரும்பக் கவுண்டர், ஆரியக் கவுண்டர் என்ற மூன்று ஜாகீர்தார்களின் அதிகாரம் நெடுங்காலம் நிலவியதால், குடிகளின் வாழ்வு அவர்களுடைய ஆணைக்கு உட்பட்டதாகவே அமைந்தது. சேர்வராயன் மலை அத்தகைய ஆட்சியைக் காணவில்லை. ஆனால் தோட்ட முதலாளிகளின் வருகையையும், அதன் பயனாய்க் கூலி வாழ்வையும் மற்ற மலைகளைவிட முன்னதாகவே கண்டது. ஆகவே ஒரே சம்பிரதாயம், கோயிலின் நிழலில் ஒருவிதமாகவும், ஜாகீரின் நிழலில் மற்றொரு விதமாகவும், காப்பித் தோட்டத்தின் நிழலில் வேறொரு விதமாகவும் வளர்ந்திருக்கிறது.

இனி அளவுகோல்களைக் காண்போம். முதலாவது நாட்டாண்மை. சேர்வராயன் மலை சேலநாடு, மோகநாடு, முட்டநாடு என மூன்று நாடுகளாக வகுக்கப்பட்டது. நாட்டுக்குப் பட்டக்காரரும் ஊருக்கு மூப்பனும், கூட்டத்துக்கு ஆள் அழைக்கக் கங்காணியும் உண்டு. திருமணம், பாகப்பிரிவினை, எல்லைத் தகராறு, ஒழுக்கக்கேடு ஆகிய யாவும் இவர்கள் முன்னே தீர்க்கப்பட்டன. தீர்ப்பை மீறியவனுக்கு அபராதமும், அதற்கும் பணியாதவனுக்கு ஊர்விலக்கும் கிடைத்தன. எழுதப்பட்ட சட்டம் ஏதுமின்றி, சபையோரின் நினைவையே ஆதாரமாகக் கொண்டு நியாயம் வழங்கிய இம்முறையில் குறைகள் இருந்திருக்கலாம். ஆனால் வழக்காளி தன் பாஷையில், தன் ஊரில், தன்னை அறிந்தவர் முன்னிலையில் பேசும் சௌகரியம் அதில் இருந்தது.

இரண்டாவது அளவுகோல் இல்லற தர்மம். அத்தை மகள், மாமன் மகள் என்ற முறைப்பெண் உரிமைக்கு முதலிடம் தருவதும், பரியம் கொடுத்துப் பெண் கொள்வதும் இவர்களுடைய வழக்கு. பொருந்தாத மணவாழ்வைச் சபையின் சம்மதத்தோடு முறித்துக்கொள்ளவும், கணவனை இழந்தவள் மறுமணம் செய்துகொள்ளவும் தடையில்லை. சமவெளியில் சீர்திருத்தக்காரர்கள் மேடை போட்டு வாதாடிப் பெற வேண்டியிருந்த உரிமையை இம்மலைப் பெண்கள் ஆரவாரமின்றி அனுபவித்துவந்தார்கள் என்பது சிந்திக்கத்தக்கது.

மூன்றாவது வழிபாடு. ஏற்காட்டுக்கு அப்பால், 5,300 அடிக்கு மேற்பட்ட உயரத்தில், குகையே கருவறையாக அமைந்த கோயிலில் சேர்வராயனும் காவேரியம்மனும் எழுந்தருளியிருக்கிறார்கள். மலைக்குப் பெயரான தெய்வத்தையே நதிக்குப் பெயரான தேவியோடு சேர்த்து வணங்குவதில், உழவர் குடியின் பக்தி இயல்பாகப் புலப்படுகிறது. மே மாதத்தில் நடக்கும் திருவிழாவுக்குச் சுற்றுவட்டத்து ஊரார் யாவரும் கூடுகிறார்கள். நாமம் தரித்தோரும் திருநீறு அணிந்தோரும் பேதமின்றி ஒரே சந்நிதியில் நிற்கும் இம்மலையில், சைவ வைஷ்ணவ வாதம் காலூன்றவே இல்லை. பொங்கலையொட்டி நடக்கும் எருதாட்டத்தில், நீண்ட கயிறுகளால் பிடித்த காளையைச் சீண்டி ஆடவிடும் இளைஞரின் துணிவும், அதைக் கண்டு களிக்கும் ஊராரின் உற்சாகமும், வழிபாட்டுக்கு அடுத்தபடி இச்சமூகத்தை ஒன்றுகூட்டும் சக்திகள்.

நான்காவது உழவும் மனையும். சாமை, தினை, கேழ்வரகு ஆகிய புன்செய்த் தானியங்களே பண்டைய உணவு. மூங்கிலைப் பின்னி மண் பூசிய சுவரும், புல் வேய்ந்த கூரையும், தரையினின்று உயர்த்திக் கட்டிய தானியக் குதிரும் பழைய மனையின் இலக்கணம். ஒரு வீட்டாரின் மதிப்பை ஊரார் அளந்தது பொன்னைக் கொண்டன்று, குதிரின் நிறைவைக் கொண்டே. காப்பியும் மிளகும் பெருகிய பின்னர், பிற்காலத்தில் மேட்டூர் அலுமினியத் தொழிற்சாலைக்காகப் பாக்ஸைட்டு வெட்டி எடுக்கப்பட்ட பின்னர், நிலத்தின் மதிப்பு சந்தையால் அளக்கப்படலாயிற்று. மனையின் இலக்கணமும் உடன் மாறிற்று.

இச்சமூகத்தைப் பற்றி எழுதப்பட்டவற்றுக்குக் குறைவில்லை. 1883இல் வெளிவந்த லெ ஃபானுவின் சேலம் ஜில்லா மானுவலும், 1909இல் ஏழு தொகுதிகளாக வெளிவந்த தர்ஸ்டனின் குலங்களும் குடிகளும் பற்றிய நூலும், 1918இல் ரிச்சர்ட்ஸ் இயற்றிய கெஜட்டியரும் அரிய செய்திகளைப் பாதுகாத்துத் தந்திருக்கின்றன. அதற்கு நாம் நன்றி பாராட்டக் கடமைப்பட்டவர்கள். எனினும் அவை அதிகாரிகளின் கண்கொண்டு பார்த்தவை. விநோதமாகத் தோன்றியதை விரித்தும், அன்றாட வாழ்வைச் சுருக்கியும் எழுதியவை. மணமுறையில் கண்ட ஏதோவொரு விசித்திரத்துக்குப் பத்தி பத்தியாக இடம் தந்தவர்கள், தாலாட்டுக்கும் நடவுப் பாட்டுக்கும் ஒப்பாரிக்கும் அத்தகைய இடம் தரவில்லை. 1950ஆம் ஆண்டு அரசியல் சட்ட ஆணையின் வாயிலாக மலையாளிகள் பழங்குடிப் பட்டியலில் இடம்பெற்றார்கள். 2011ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி மூன்றரை இலட்சத்துக்கு மேற்பட்ட இவர்களே தமிழ்நாட்டுப் பழங்குடிகளுள் மிகப் பெரிய சமூகத்தார். ஏற்காடு சட்டமன்றத் தொகுதியும் பழங்குடியினருக்கென ஒதுக்கப்பட்டது. இவ்வாறு அரசியல் அங்கீகாரம் கிடைத்துவிட்டது. அவர்களுடைய நினைவுச் செல்வத்தை முழுமையாகத் தொகுக்கும் பணியோ இன்னும் நம்மை எதிர்நோக்கியிருக்கிறது.

இவ்விடத்தில் மீண்டும் எஸ்தோனியரை நோக்குவது பயன் தரும். 1888இல் யாக்கோப் ஹுர்ட் என்ற பாதிரியார், நாடெங்குமுள்ள எளிய ஜனங்களை நோக்கி, கிராமத்துப் பாடல்களையும் பழமொழிகளையும் கதைகளையும் எழுதி அனுப்புமாறு விண்ணப்பம் செய்தார். பள்ளி ஆசிரியர்களும் குடியானவர்களும் கைவினைஞர்களும் அவருக்கு எழுதிக் குவித்தவை ஒரு இலட்சம் பக்கங்களைத் தாண்டின. வெளியார் ஆராயும் பொருளாயிருந்த மக்கள் தாங்களே ஆராய்ச்சியாளராக மாறியதுதான் அம்முயற்சியின் மேன்மை.

சேர்வராயன் மலைக்கும் இதுவே உகந்த வழி. மலையூர்ப் பள்ளிகளில் பயிலும் மலையாளிச் சிறுவர் சிறுமியர் தம் வீட்டுப் பெரியோரிடம் கேட்டறிந்து, நாட்டு வழக்குகளையும் பாடல்களையும் பூர்வ கதைகளின் பாடபேதங்களையும் ஊர்வாரியாக எழுதிவைக்க வேண்டும். ஆசிரியர்கள் அவற்றைச் சரிபார்த்துத் தர வேண்டும். பல்கலைக்கழகங்கள் அவற்றைத் தொகுத்து, தொகுத்தவர் பெயரோடு அச்சிட வேண்டும். கோடை விழாவுக்கு மலையேறிவரும் அன்பர்களும், மலர்க் கண்காட்சியோடு திரும்பிவிடாமல், அதே மே மாதத்தில் நடக்கும் சேர்வராயன் திருவிழாவுக்கும் பணிவோடு சென்று வருவார்களாக. பெரியோர் உயிரோடிருக்கும்போதே செய்யத்தக்க வேலை இது. காலந்தாழ்த்தாமல் தொடங்குமாறு மலைமக்களையும் கல்வியாளரையும் வேண்டிக்கொள்கிறோம்.