போனில் வந்த முத்தம்

போனில் கொடுக்கிற முத்தத்துக்கென்றே ஒரு சத்தம் உண்டு. பழைய டெலிபோன் கம்பி கடத்தியது 300 முதல் 3400 ஹெர்ட்ஸ் வரையிலான ஒலியை மட்டும்தான். குரலின் அடிக்கனமும் மூச்சின் காற்றும் அதில் வடிந்துபோகும். எஞ்சுவது ஒரு மெல்லிய ‘இச்’. அதை வானொலியில் ஒலிக்கத் தகுந்ததென்று கண்டுகொண்டவர் ஆர்ட் லபோ. கலிபோர்னியாவில் பழைய பாட்டுகளுக்காகவே வாழ்ந்த டிஸ்க் ஜாக்கி. அழைக்கும் நேயர்களிடம், “அவருக்கு ஒரு முத்தம் கொடுங்கள்” என்பார். ஒரு வெட்கச் சிரிப்பு. பிறகு அந்த ‘இச்’. அதன்மேல் பாட்டு எழும்.

1925இல் யூட்டா மாநிலத்தின் முர்ரே என்ற ஊரில், ஆர்மீனியக் குடும்பத்தில் பிறந்தவர். பெற்றோர் வைத்த பெயர் ஆர்தர் எக்னோயன். போர்க்காலத்தில் கடற்படையில் இருந்தபோதே, 1943இல், சான் பிரான்சிஸ்கோவில் கே.எஸ்.ஏ.என். நிலையத்தில் மைக் முன்னால் உட்கார்ந்துவிட்டார். இந்தப் பெயர் வானொலிக்குச் சரிப்படாது என்று நிலையத்தார் சொல்ல, அங்கே செயலாளராக இருந்த ஒரு பெண்ணின் குடும்பப் பெயரை எடுத்து வைத்துக்கொண்டார். இரவல் வாங்கிய அந்தப் பெயர் 79 ஆண்டுகள் காற்றில் இருந்தது.

ஐம்பதுகளில் ஹாலிவுட்டில் ஸ்க்ரிவ்னர்ஸ் என்ற டிரைவ்-இன் உணவகத்திலிருந்து நேரடி ஒலிபரப்பு நடத்தினார். காரில் உட்கார்ந்தபடியே பர்கர் தின்ன வரும் பிள்ளைகளிடம் மைக்கை நீட்டி, என்ன பாட்டு வேண்டும், யாருக்கு வேண்டும் என்று கேட்பார். அவர்களில் பலர் கேட்டது அன்று புதிதாக வந்த பாட்டை அல்ல. மூன்று, நான்கு வருஷத்துக்கு முந்தைய பாட்டை. பதினேழு வயதுக்கு நான்கு வருஷம் என்பது ஒரு யுகம்தானே! பதின்மூன்றில் கேட்ட பாட்டு அதற்குள் ‘பழசு’ ஆகி, ஏக்கத்தையும் சேர்த்துக்கொண்டுவிடுகிறது. இதை லபோ காது கொடுத்துக் கேட்டார். அடிக்கடி கேட்கப்பட்ட பாட்டுகளைப் பட்டியல் போட்டு, 1959இல் தம்முடைய ஒரிஜினல் சவுண்ட் நிறுவனத்தின் மூலம் ‘ஓல்டீஸ் பட் குட்டீஸ்’ என்ற எல்.பி. இசைத்தட்டாகக் கொண்டுவந்தார். பில்போர்ட் இசைத்தட்டுப் பட்டியலில் 183 வாரம் அது நின்றது.

அந்த இசைத்தட்டில் எனக்கு மிகவும் பிடித்தது அதன் இரண்டு பக்கங்கள்தான். ஒரு பக்கம் முழுக்க கிறங்க வைக்கும் மெதுவான பாட்டுகள். திருப்பிப் போட்டால் எல்லாமே துள்ளல். சின்னத் தட்டுகள் என்றால் இரண்டரை நிமிஷத்துக்கு ஒருமுறை எழுந்து மாற்ற வேண்டும்; ஒன்று நெஞ்சைக் கரைக்கும், அடுத்தது எழுந்து ஆடச் சொல்லும். அவரோ பாட்டுகளைப் பாடகர் வாரியாக அடுக்கவில்லை, கேட்பவரின் மனநிலையை வைத்து அடுக்கினார். சோபாவில் தோளோடு தோள் சாய்ந்திருக்கும் இருவரை நடுவில் எழுப்பிவிடக் கூடாது என்கிற கரிசனம் அதில் இருக்கிறது.

அவர் போட்ட பாட்டு எப்படி இருக்கும்? பெங்குவின்ஸ் குழுவின் ‘எர்த் ஏஞ்சல்’, 1954. லாஸ் ஏஞ்சலீஸில் ஒரு வீட்டு கார் ஷெட்டில் பதிவானது. பியானோ ஒவ்வொரு அடிக்கும் மூன்று மூன்றாகத் தட்டிக்கொண்டே போகும், தொட்டிலை ஆட்டுகிற கை மாதிரி. குரல்கள் பின்னால் ‘ஊ’ என்று இழைய, முன்னால் ஒருவர் கெஞ்சுவார். தேர்ந்த ஸ்டூடியோவின் பளபளப்பு கிடையாது. அந்தக் குறைதான் அதன் அழகு. பக்கத்து வீட்டுப் பையன் பாடுவது போலவே இருக்கும்.

லாஸ் ஏஞ்சலீஸ் நகரத்துக்குள் சிறுவயதினருக்கான பொது நடனங்களுக்குக் கெடுபிடி அதிகமாக இருந்தது. ஆகவே நகர எல்லைக்கு வெளியே, எல் மான்டியின் லீஜன் ஸ்டேடியத்தில் லபோ தம் நடன நிகழ்ச்சிகளை நடத்தினார். வெள்ளை, கறுப்பு, மெக்சிகப் பிள்ளைகள் ஒரே தரையில் ஆடினார்கள். அந்நாளில் அது சின்ன விஷயமில்லை. அந்த இரவுகளை நினைத்து இசைக்கலைஞர்கள் ஃபிராங்க் ஸாப்பாவும் ரே காலின்ஸும் எழுதிய ‘மெமரீஸ் ஆஃப் எல் மான்டி’ 1963இல் அதே பெங்குவின்ஸ் குரலில், லபோவின் நிறுவனத்திலிருந்தே வெளிவந்தது. பழைய பாட்டுகளை நினைத்து ஏங்குகிற அந்தப் பாட்டும் பிறகு பழைய பாட்டாகிவிட்டது.

ஆனாலும் லபோவின் உச்சம், ஒருவர் இன்னொருவருக்காகப் பாட்டுக் கேட்கும் டெடிகேஷன்தான். நமக்கு நேயர் விருப்பம் தெரியும். தபால் அட்டையில் வந்த பெயர்களை, ஊர்களை, அறிவிப்பாளர் ஒரே மூச்சில் அடுக்குவார். நம் பெயர் வருமா என்று காத்திருப்போம். லபோவிடம் பெயரை வாசிப்பது நேயரே. எங்கிருந்து பேசுகிறீர்கள், யாருக்கு, அவரிடம் என்ன சொல்ல வேண்டும்? கேள்வி அவ்வளவுதான். அவர் குரல் கனத்தது, அவசரமில்லாதது. எதிரே கம்பியில் மெலிந்து வரும் குரல். பெரியவர் ஒருவர் குனிந்து குழந்தைக்குக் காது கொடுப்பது போல அந்தக் கனக்குரல் ஒதுங்கி நிற்கும். பேச்சு தடுமாறினால் அவர் இட்டு நிரப்ப மாட்டார். எனக்கு அந்த மௌனம்தான் முழு நிகழ்ச்சியிலும் ருசியான இடம். சொல்ல வந்தது தொண்டையில் நிற்கிறது; அதைச் சொல்ல ஐம்பது வருஷத்துக்கு முந்தைய ஒரு பாட்டு தயாராகக் காத்திருக்கிறது.

கலிபோர்னியா, அரிசோனா, நெவாடா என்று பரந்த அந்த நேயர்களில் பலர் மெக்சிக வம்சாவளியினர். பலருடைய டெடிகேஷன் சிறையில் இருக்கிறவருக்கு. என்ன குற்றம், எத்தனை வருஷம் என்று லபோ எடைபோடவில்லை. ஒருமுறை ஒரு பெண் தன் சிறு குழந்தையோடு ஸ்டூடியோவுக்கே வந்துவிட்டாராம். சிறையில் இருக்கும் தகப்பனிடம், ‘அப்பா, உன்னை எனக்குப் பிடிக்கும்’ என்று அந்தக் குழந்தை மைக்கில் சொன்னது. குழந்தையின் குரலை அந்த மனிதர் கேட்டது அதுதான் முதல்முறை. முரட்டு ஆள், அப்படியே அழுதுவிட்டாராம். லபோவே சொன்ன செய்தி இது. நான் அந்த மழலையைக் கேட்டதில்லை. ஆனாலும் சிறைக் கொட்டடியில், சின்ன ரேடியோவில் காதை ஒட்டிக்கொண்டிருக்கும் ஒருவரை என்னால் பார்க்க முடிகிறது.

2022 அக்டோபர் 7, வெள்ளிக்கிழமை இரவு, பாம் ஸ்பிரிங்ஸில் நிமோனியா கண்டு லபோ இறந்தார். வயது 97. அந்த வாரத்துக்கான நிகழ்ச்சியை முன்பே பதிவுசெய்து வைத்திருந்தார். ஞாயிறு இரவு அது வழக்கம்போல ஒலித்தது.