வெட்டாமல் வெல்லும் ஆட்டம்

திறனாய்வு என்றால் கவிதையையும் கதையையும் எடைபோடுவது என்றே நம்மிடையே பழகிவிட்டது. நாடகத்தையும் திரைப்படத்தையும் சற்றுத் தயக்கத்தோடு அதில் சேர்த்துக்கொள்கிறோம். பலகையில் காய் வைத்து ஆடும் ஓர் ஆட்டத்தைப் படைப்பாகக் கொண்டு ஆராயப் புகுந்தால் அன்பர் சிலர் முகம் சுளிக்கக்கூடும். அவர்களுக்கு ஒன்று சொல்வேன்: நான் எடுத்துக்கொண்ட ஆட்டத்தைப் படைத்தவர் ஒரு கவிஞர்.

டென்மார்க்கைச் சேர்ந்த பீட் ஹைன் (1905–1996) அறிவியலும் கற்றவர், கவிதையும் எழுதியவர். 1940-ஆம் ஆண்டு ஜெர்மானியப் படை அந்நாட்டைக் கைப்பற்றியது. அந்த இருண்ட ஆண்டுகளில் 'பொலிட்டிக்கன்' என்னும் நாளேட்டில் நாலைந்து அடிகளுக்குள் அடங்கும் குறும்பாக்களை எழுதி மக்கள் மனத்தில் இடம் பெற்றார். அதே நாளேட்டில் 1942 டிசம்பரில் அவர் ஓர் ஆட்டத்தை அறிமுகப்படுத்தினார். 'பாலிகான்' என்பது அதன் முதற்பெயர். கட்டங்கள் அச்சிட்ட தாள்கள் விற்பனைக்கு வந்தன. டேனிய மக்கள் பென்சிலால் குறியிட்டு ஆடினர். சில ஆண்டுகள் கழித்து, இதனை அறியாமலே, அமெரிக்காவின் பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் மாணவராயிருந்த ஜான் நாஷ் தாமாக அதே ஆட்டத்தைக் கண்டறிந்தார். 1994-இல் பொருளியலுக்கான நோபல் பரிசு பெற்ற அதே நாஷ்தான். 1952-இல் பார்க்கர் பிரதர்ஸ் நிறுவனம் அதனைப் பெட்டியிலிட்டு 'ஹெக்ஸ்' என்று விற்றது. அப்பெயரே நிலைத்துவிட்டது.

ஆடப் பெட்டி தேவையில்லை. அறுகோணக் கட்டங்களை வரைவதுதான் கடினம் என்பர். அதற்கும் எளிய வழி உண்டு. பள்ளிப் பிள்ளைகளின் சதுரக் கட்ட நோட்டில் நெடுக்கே பதினொன்றும் குறுக்கே பதினொன்றுமாகக் கோடுகளை எடுத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு சதுரத்திலும் ஒரே சாய்வில் ஒரு மூலைக்கோடு இழுத்துவிடுங்கள். கோடுகள் சந்திக்கும் 121 புள்ளிகளே பலகை. நடுவிலுள்ள எந்தப் புள்ளிக்கும் ஆறு அண்டைப் புள்ளிகள் இருக்கும். எதிரெதிரான இரண்டு விளிம்புகள் ஒருவருக்கு, மற்ற இரண்டும் அடுத்தவருக்கு. ஒருவர் புளியங்கொட்டை, மற்றவர் சோழி. முறைக்கு ஒரு காயாகக் காலியான எந்தப் புள்ளியிலும் வைக்கலாம். வைத்த காய் நகராது, வெட்டுப்படாது. தம் இரு விளிம்புகளையும் இடையறாத தொடராக யார் முதலில் இணைக்கிறாரோ அவருக்கே வெற்றி. விதிகள் இவ்வளவே. இதனினும் குறைந்த சொற்களில் விதி கூறும் நல்ல ஆட்டம் ஒன்றை நான் கண்டதில்லை.

கிள்ளானில் என் அண்ணன் மகளுக்கு இதனைக் கற்பித்தபோது விளிம்புகளுக்கு நம் ஊர்ப்பெயர்களைச் சூட்டினேன். எனக்குப் பிரிக்பீல்ட்ஸிலிருந்து கிள்ளான் வரை தண்டவாளம். அவளுக்கு ரவாங்கிலிருந்து பந்திங் வரை. மேம்பாலமும் கிடையாது, சுரங்கப்பாதையும் கிடையாது. வரைபடத்தைப் பார்த்தவர்க்கு உடனே விளங்கும்: இரண்டு பாதைகளில் ஒன்றுதான் நிறைவேற முடியும். முதல் நாள் நான் மெத்தனமாக ஆடித் தோற்றேன். அவள் கேட்டாள்: "சித்தப்பா, நான் உங்களத் தடுக்கவே இல்லையே, என் பாதையத்தான் போட்டேன். நீங்க எப்படி நின்னுபோனீங்க?"

இந்த ஆட்டத்தின் உயிர் அந்தக் கேள்வியில் இருக்கிறது. இங்கே தடுப்பதும் இணைப்பதும் ஒரே செயல். எதிரியின் வழியை முற்றாக அடைக்க வேண்டுமானால் என் வழியை முற்றாக முடித்தாக வேண்டும். வேறு உபாயம் இல்லை. ஆகவே பலகை முழுதும் நிரம்பினாலும் சமநிலை என்பது ஹெக்ஸில் நேரவே நேராது. கேட்பதற்கு எளிதாகத் தோன்றும் இவ்வுண்மை, கணிதத்தின் ஆழமான தேற்றம் ஒன்றுக்கு நிகரானது என்று டேவிட் கேல் 1979-இல் காட்டினார். கோலாலம்பூர் வரைபடங்கள் ஒரே அளவில் இரண்டை எடுத்து, ஒன்றைக் கிழியாமல் கசக்கி மற்றதன் எல்லைக்குள் வைத்தால், ஏதாவது ஓரிடமாவது தன் படத்திற்கு நேர் மேலே அமர்ந்தே தீரும் என்பது அத்தேற்றம். பிள்ளைகள் ஆடும் ஆட்டத்துக்குள் அது ஒளிந்து கிடக்கிறது.

இனி உத்தி. புதிதாக ஆடுபவர் காயோடு காய் ஒட்டியே வைத்துச் செல்வார், விரைவில் பின்தங்குவார். தேர்ந்தவர் தாவி வைப்பார். ஒரு சதுரத்தில் மூலைக்கோடு இணைக்காத இரு மூலைகளில் நம் காய்கள் இருக்கட்டும். மற்ற இரு மூலைகளும் காலி. எதிரி ஒன்றில் வைத்தால் நாம் மற்றதில் வைப்போம். தொடாமலே தொட்டிருக்கும் இந்நிலையை ஆட்டக்காரர் 'பாலம்' என்பர். விளிம்பிலிருந்து இரண்டாம் கோட்டில் நிற்கும் காய்க்கும் இதே பாதுகாப்பு உண்டு: அதன் கீழுள்ள இரு விளிம்புப் புள்ளிகளும் காலியாயிருந்தால் அது கரை சேர்ந்தது போலத்தான். தடுப்பதிலும் இதே அறிவு வேண்டும். எதிரியின் காயை ஒட்டி நின்று மறிப்பவர் தோற்பார்; அவன் சுற்றிக்கொண்டு போய்விடுவான். எட்டி நின்று மறிப்பவரே மறிப்பவர். 'ஏணி' என்று ஒன்று உண்டு: நாம் இரண்டாம் கோட்டில் ஒவ்வொரு காயாக வைத்துக் கரையை எட்டப் பார்ப்போம், எதிரி முதற்கோட்டில் ஒவ்வொன்றாக வைத்து அடைத்துக்கொண்டே வருவான். இருவரும் இவ்வாறு ஓடும் வழியில் முன்னரே நாம் வைத்த காய் ஒன்று கரையோரம் காத்திருந்தால் வெற்றி நமக்கு. பத்து முறைக்கு முன் ஏனென்று புரியாமல் வைத்த காய் அப்போது பேசத் தொடங்கும். நல்ல சிறுகதையின் முதற்பத்தியில் வரும் ஒரு சிறு பொருள் இறுதியில் வந்து நிற்பதைப் படித்தவர் அந்த இன்பத்தை அறிவர்.

குறைகளையும் சொல்லவேண்டும். ஹெக்ஸில் கதை இல்லை. புலி இல்லை, ஆடு இல்லை, அரசன் இல்லை. ஒரு காய்க்கும் மற்றொரு காய்க்கும் குணவேறுபாடு கிடையாது. தோற்றவருக்கு ஆறுதலாகக் கையில் நாலு முத்துகூட மிஞ்சாது. இவற்றைவிடப் பெரிய குறை, முதலில் ஆடுபவரின் மிகை ஆதாயம். நாஷ் இதனை வியக்கத்தக்க முறையில் மெய்ப்பித்தார். சமநிலை இல்லை, கூடுதலாக ஒரு காய் இருப்பது ஒருபோதும் தீங்காகாது, ஆகவே இரண்டாமவருக்கு ஒரு வெல்லும் வழி இருந்தால் அதனை முதலாமவரே களவாடிக்கொள்ளலாம். எனவே வெல்லும் வழி முதலாமவருக்கே உரியது. ஆனால் அவ்வழி எது? அதுபற்றி இம்மெய்ப்பு ஒரு சொல்லும் சொல்லாது. 'இது மகத்தான கவிதை' என்று முழங்கிவிட்டு எவ்வடியில் மகத்துவம் என்று காட்டாத நம் மேடைத் திறனாய்வாளர் சிலர் என் நினைவுக்கு வந்தனர். (நாஷ் மெய்ப்பித்தாவது காட்டினார்.) ஒன்பதுக்கு ஒன்பது பலகைக்கு எல்லாத் தொடக்கங்களையும் கணினிகள் தீர்த்துவிட்டன; பதினொன்றுக்குப் பதினொன்று பலகை அவ்வாறு முழுதும் தீர்க்கப்படவில்லை.

இக்குறைக்கு ஆட்டக்காரர் கண்ட மருந்து அழகானது. முதலாமவர் ஒரு காய் வைத்ததும், எந்தப் பக்கம் வேண்டும் என்பதை இரண்டாமவர் தேர்ந்துகொள்ளலாம். பலகாரத்தை ஒரு பிள்ளை வெட்ட மற்றப் பிள்ளை முதலில் எடுக்கும் அதே நீதி. இதன்பின் நடுப்புள்ளியில் வைக்க எவரும் துணியார்; வலிமையுமற்ற மெலிவுமற்ற ஓரிடத்தைத் தேடுவதே முதற்கலையாகிவிடுகிறது.

நம் ஆடுபுலி ஆட்டத்தோடு இதனை ஒப்பிடாமல் இருக்க முடியவில்லை. மூன்று புலி, பதினைந்து ஆடு, இருபத்துமூன்று புள்ளி. வேட்டையும் முற்றுகையும் அதன் பொருள், இணைப்பு அன்று. ஆயினும் ஆட்டின் பக்கம் அமர்ந்து ஆடியவர் அறிவர்: ஆட்டின் பின்புள்ளி காலியாயிருந்தால் புலி தாண்டிவிடும், அங்கே இன்னோர் ஆடு நின்றால் தாண்டாது. சேர்ந்து நிற்றலே ஆட்டின் படைக்கலம். இருபுறமும் சமமற்ற வலிமையை வைத்து அதனைச் சமமான போட்டியாக்கியிருக்கும் அவ்வமைப்பை நான் ஹெக்ஸைவிட உயர்வாகவே மதிக்கிறேன். ஹெக்ஸின் தூய்மை அதற்கு இல்லை; அதன் நாடகம் ஹெக்ஸுக்கு இல்லை.

அப்படியிருக்க, ஹெக்ஸ் உலகெங்கும் ஆராயப்படுவதும் ஆடுபுலி நினைவுமலர்களில் மட்டும் மணப்பதும் ஏன்? பெட்டியில் வந்ததால் அன்று. 1957 ஜூலையில் மார்ட்டின் கார்ட்னர் 'சயன்டிபிக் அமெரிக்கன்' இதழில் ஹெக்ஸைப் பற்றி ஒரு கட்டுரை எழுதினார். வரலாறு, விதி, உத்தி, நாஷின் மெய்ப்பு அனைத்தும் அதில் இருந்தன. படித்தவர் தாளில் வரைந்து ஆடினர், ஐயம் எழுப்பினர், மேலும் எழுதினர். அந்த ஆட்டத்தை வாழவைத்தது எழுத்து.

நாமோ தோட்டத்து வாழ்வை எழுதும்போதெல்லாம் லயத்து வாசலில் பல்லாங்குழி ஆடிய பாட்டியைக் கொண்டுவருகிறோம்; பெருமூச்சு விடுகிறோம்; பழம்பெருமை பாடுகிறோம். அந்தப் பாட்டி எப்படி வென்றாள் என்று ஒருவரும் எழுதுவதில்லை. நானும் அவ்வாறே இரண்டு கட்டுரைகள் எழுதியவன். ஆகவே இக்குற்றச்சாட்டில் எனக்கும் பங்குண்டு. தேவநேயப் பாவாணர் 1954-இல் 'தமிழ்நாட்டு விளையாட்டுகள்' நூலில் ஆடும் முறைகளை முறையாகப் பதிவு செய்தார். அது தமிழ்நாட்டைப் பற்றியது. நம் கிள்ளான் பள்ளத்தாக்கின் தோட்டங்கள் வீடமைப்புத் திட்டங்களாகிவிட்டன. மக்கள் அடுக்குமாடிகளுக்குப் பெயர்ந்துவிட்டனர். தோட்டத்துக்குத் தோட்டம் வேறுபட்ட விதிகள் முதியோர் நினைவில் மட்டும் தங்கியிருக்கின்றன. பக்கத்து மலாய் வீட்டுச் சொங்காக்கில் இரு முனையிலும் சேமிப்புக் குழி உண்டு, நம் பதினான்கு குழிப் பலகையில் அது இல்லை; இந்த ஒரு வேறுபாடு ஆடும் கணக்கையே எவ்வாறு மாற்றுகிறது என்பதற்கு ஒரு நல்ல கட்டுரை எழுதலாம்.

சென்ற தீபாவளியன்று அண்ணன் வீட்டில் பலகையை எடுத்தோம். எண்பது வயதுத் தாயார் இருவர், வெவ்வேறு தோட்டங்களில் வளர்ந்தவர்கள், எதிரெதிரே அமர்ந்தனர். குழியில் நாலு முத்து சேர்ந்தால் அது 'பசு', குழிக்கு உரியவர் எடுத்துக்கொள்ளலாம் என்பதில் இருவருக்கும் உடன்பாடு. உடனே எடுக்க வேண்டுமா, எதிராளி கைமுத்து தீரும்வரை காத்திருக்கலாமா என்பதில் சண்டை வந்துவிட்டது. பசியாறல் மேசையில் ஆறிக்கொண்டிருந்தது. அண்ணன் மகள் ஹெக்ஸ் வரைந்த நோட்டைப் புரட்டிக் கடைசிப் பக்கத்தில் இரண்டு பத்திகள் போட்டு, இருவர் சொன்னதையும் எழுதிக்கொண்டாள்.